நாலு கமலுக்குப் பக்கத்தில் நின்றவர்கள்

வாளையாருக்கு இந்தப் பக்கம், பாலக்காட்டுச் சித்தூர், கொழிஞ்சாம்பாறை, கல்பாத்தி என்று தமிழ் பேசும் வீடுகளில் ‘மைக்கேல் மதன காமராஜன்’ பேச்சு வந்தால் முதலில் வருகிற பெயர் காமேஸ்வரன்தான். கமல் நடித்த நாலு சகோதரர்களில் மைக்கேல், மதன், ராஜு மூவரும் பட்டணத்துக்காரர்கள். சமையல்காரனான இவன் நம்ம பக்கத்து ஆள். 1990 தீபாவளிக்கு வந்த படம். முப்பத்தைந்து வருடம் தாண்டியும், கல்யாணப் பந்தியில் சாம்பார் வாளி வரக் கொஞ்சம் தாமதமானால் யாராவது ஒருவர் மீனைப் பற்றிக் கேட்காமல் விடுவதில்லை.

எல்லோரும் இதைச் சிரிப்புப் படம் என்றே சொல்கிறார்கள். சிரிப்பைக் கொஞ்சம் ஒதுக்கிவிட்டுப் பார்த்தால் இது முழுக்க முழுக்கக் குற்றக்கதை. பிறந்த குழந்தைகளைத் தீர்த்துக்கட்ட ஆள் ஏவுகிறார்கள். விபத்து மாதிரி ஜோடித்து ஒரு கொலை நடக்கிறது. ஒருவன் கள்ளநோட்டு அடிக்கிறான். கம்பெனிப் பணத்தில் கைவைத்த பி.ஏ. ஒருவர், பெரிய வீட்டுப் பையனை மடக்கப் பார்க்கும் அம்மாவும் மகளும், ஒரே ஆளுக்குப் பதிலாக இரண்டு பேர் செய்யும் ஆள்மாறாட்டம் என்று போகிறது பட்டியல். கடைசியில் கையில் கிடைத்ததைச் சுருட்டிக்கொள்ளும் ஒரு பாட்டி. அன்றைய இந்தியத் தண்டனைச் சட்டத்தில் பாதி இருக்கிறது.

இந்தப் படத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் எல்லோரும் கமல் நாலு வேடம் போட்டதை எழுதியிருக்கிறார்கள். அது ஊரறிந்தது. ஆனால் ஒரு நடிகர் நாலு வேடம் போட்டால் அதன் பளு முழுக்க அவர் தலையில் விழுவதில்லை. எதிரே நிற்கிறவர்கள் மேலும், காமிராவைப் பிடித்திருக்கிறவர் மேலும், கதையை அடுக்குகிறவர் மேலும்தான் பெரும்பங்கு விழுகிறது. அவர்களைப் பற்றித்தான் இங்கே.

முதலில் டைரக்டர். சிங்கீதம் சீனிவாசராவ் நெல்லூர் மாவட்டத்து உதயகிரியில் 1931-இல் பிறந்தவர். கே.வி. ரெட்டியிடம் உதவியாளராக இருந்து தொழில் படித்தவர். அந்த நாட்களில் வேலை செய்த படங்களில் ஒன்று 1957-இல் வந்த ‘மாயாபஜார்’. தந்திரக் காட்சி என்றால் தமிழிலும் தெலுங்கிலும் இன்றுவரை அதைத்தான் அளவுகோலாக வைக்கிறோம். அங்கே பழகியவருக்கு ஒரு விஷயம் கைவந்திருக்கும்: தந்திரம் எங்கே ஆரம்பிக்கிறது என்று பார்க்கிறவனுக்குத் தெரியவே கூடாது, அதற்கு ஒரு நொடி முன்னால் அவன் கண்ணை வேறு எங்கேயாவது இழுத்துவிட வேண்டும். 1987-இல் வசனமே இல்லாமல் ‘புஷ்பக விமானம்’ எடுத்தார். அதிலும் கமல். அதிலும் ஒரு பணக்காரனைக் கடத்தி வைத்துவிட்டு அவன் இடத்தில் ஒரு ஏழை போய் வாழ்கிற கதைதான். அந்தப் படத்துக்குக் காமிரா பி.சி. கௌரிசங்கர். மூன்று வருடம் கழித்து இந்தப் படத்துக்கும் அவரேதான். வசனமில்லாத படத்தை ஒன்றாக எடுத்து முடித்த இரண்டு பேர், வசனம் மழையாகக் கொட்டும் ஒரு படத்துக்கு வருகிறார்கள். சத்தத்தை அணைத்துவிட்டு ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். யார் யாரை ஏமாற்றுகிறார்கள் என்பது முக்கால்வாசி புரியும்.

கதை காதர் காஷ்மீரி, திரைக்கதை கமல், வசனம் கிரேசி மோகன், எடிட்டிங் டி. வாசு, இசை இளையராஜா, தயாரிப்பு பஞ்சு அருணாசலத்தின் பி.ஏ. ஆர்ட் புரொடக்‌ஷன்ஸ்.

திரைக்கதையில் உள்ள சாமர்த்தியத்தை முதலில் சொல்லிவிட வேண்டும். நாலு பேர் ஒரே முகம் என்றால், நாலு பேரையும் அடிக்கடி ஒரே பிரேமில் நிறுத்தி வித்தை காட்டத்தான் எவருக்கும் தோன்றும். இதில் தலைகீழ். பணக்கார முதலாளி மதன் பெங்களூர் போக வேண்டும். தன் இடத்தில் இருக்கச் சொல்லி ராஜுவை உட்காரவைக்கிறான். அது தெரியாத அவனுடைய பி.ஏ. அவிநாசி, தன் திருட்டை மறைக்கக் காமேஸ்வரனை அதே மதனாகக் கூட்டி வருகிறார். இப்போது ஒரே வீட்டில் இரண்டு போலி மதன்கள். இவர்கள் சந்தித்துவிட்டால் கதை முடிந்தது. அதனால் ஒருவன் ஒரு கதவில் போக, இன்னொருவன் அடுத்த கதவில் வர, இப்படியே நகர்கிறது. இதற்கு எந்தத் தந்திரமும் வேண்டாம். ஆளை உள்ளே அனுப்பு, கட் பண்ணு, உடை மாற்று, வெளியே கொண்டுவா. படத்திலேயே அதிகம் சிரிக்கவைக்கும் பகுதி, செலவைப் பார்த்தால் மிக மலிவாக எடுக்கக்கூடியது. நாலு பேரும் கட்டாயம் சேர்ந்து நிற்க வேண்டிய இடத்தைக் கடைசிக்கு ஒதுக்கிவிட்டார்கள்.

இதில் கெடக்கூடியது ஒன்றுதான், கால அளவு. உள்ளே போனவன் வெளியே வர எத்தனை நொடி ஆகும் என்று பார்க்கிறவன் மனசுக்குள் ஒரு கணக்கு ஓடிக்கொண்டே இருக்கும். அதைவிடச் சீக்கிரம் வந்தால் இது வேறு ஆள் என்று புரிந்து சிரிப்பான். அதே நேரத்தில் வந்தால் குழம்புவான். தாமதமாக வந்தால் அலுப்பு தட்டும். வாசுவின் கத்தரி அந்த முதல் வகையை விட்டு நகரவில்லை.

இனி, ஒரே ஆளை இரண்டு பேராகக் காட்டும் மாஸ்க் ஷாட். கம்ப்யூட்டர் வருவதற்கு முன்பு இதை எப்படிச் செய்தார்கள் என்பது இப்போதுள்ள பையன்களுக்குத் தெரிவதில்லை. கொஞ்சம் விரிவாகவே சொல்லலாம்.

அந்தக் காலத்தில் இரண்டு வழி இருந்தது. ஒன்று, காமிராவுக்குள்ளேயே முடிப்பது. லென்ஸுக்கு முன்னால் உள்ள மேட் பாக்ஸில் கறுப்பு அட்டையால் வலது பாதியை மூடிவிட்டு, இடது பாதியில் நடிகரை நடிக்கவிட்டு எடுப்பார்கள். பிறகு லென்ஸை முழுக்க மூடி, பிலிமைத் தொடங்கிய பிரேமுக்கே திருப்பிச் சுற்றி, இப்போது இடது பாதியை மூடி, உடை மாற்றி வந்த அதே நடிகரை வலது பக்கம் நடிக்கவைப்பார்கள். ஒரே நெகடிவில் இரண்டு முறை வெளிச்சம் படும். படம் துல்லியமாக இருக்கும். ஆனால் இரண்டாவது தடவை ஒரு வசனம் தடுமாறினால் முதல் தடவை எடுத்ததும் சேர்ந்து போச்சு.

இன்னொரு வழி லேப் வழி. இரண்டு பாதியையும் தனித்தனி நெகடிவில் எடுத்து, பிலிமிலிருந்து பிலிமுக்குப் பிரதியெடுக்கும் ஆப்டிகல் பிரிண்டரில் சேர்ப்பது. எத்தனை டேக் வேண்டுமானாலும் போகலாம். நல்லதைப் பொறுக்கிச் சேர்க்கலாம். விலை என்னவென்றால், படம் ஒரு தலைமுறை கூடுதலாகப் பிரதியெடுக்கப்படுவதால் மணல்மணலாகக் கிரெயின் ஏறும், கறுப்பு இன்னும் கறுப்பாகும். பழைய டபுள் ரோல் படங்களில் தந்திர ஷாட் வரப்போகிறது என்று கண்டுபிடிக்க இதுதான் வழி: முந்தைய ஷாட் சுத்தமாக இருக்கும், கட் ஆனவுடன் சுவரில் லேசாக ஒரு கொதிப்பு தெரியும். நடிகரைப் பார்க்காமல் சுவரைப் பார்த்தால் பிடித்துவிடலாம்.

எந்த வழியானாலும் சில விதிகள் மாறாது. காமிரா மயிரிழை அசையக்கூடாது. ஸ்டாண்டின் காலுக்கு மணல் மூட்டை, தரை மரமாக இருந்தால் அடியில் முட்டு. பிலிமும் காமிராவின் ‘கேட்’டுக்குள், அதாவது வெளிச்சம் படும் சட்டத்துக்குள், ஆடக்கூடாது. அதனால் ஒவ்வொரு பிரேமையும் துளையில் குத்திப் பிடிக்கும் ரிஜிஸ்ட்ரேஷன் பின் உள்ள காமிராதான் உதவும். லென்ஸின் போகஸ், வெளிச்சம் புகும் துவாரமான அபர்ச்சர் இரண்டுக்கும் டேப் ஒட்டிவிட வேண்டும். அட்டையின் விளிம்பு லென்ஸுக்கு ரொம்பப் பக்கத்தில் இருப்பதால் கலங்கலாக விழும். அந்தக் கலங்கல்தான் இரண்டு பாதியையும் ஒட்டும் பசை. அபர்ச்சரை இறுக்கினால் விளிம்பு கூர்மையாகிக் கோடு தெரிய ஆரம்பிக்கும். அதனால் வெளிச்சம் அதிகமாகிவிட்டது என்று நடுவில் அபர்ச்சரைத் தொடக் கூடாது; விளக்கைத்தான் குறைக்க வேண்டும்.

ஒட்டு எங்கே விழ வேண்டும் என்பது செட் போடும்போதே முடிவாகிவிடும். தூண், கதவு நிலை, பீரோ விளிம்பு என்று நேர்கோடாக ஏதாவது ஒன்று. அந்தக் கோட்டில் அசைகிற பொருள் எதுவும் வரக்கூடாது. மின்விசிறி, திரைச்சீலை, ஊதுபத்திப் புகை மூன்றும் விரோதிகள். கையை நீட்டினால் கோட்டைத் தாண்டி வெட்டுப்பட்டுவிடும். அதனால்தான் பழைய படங்களில் இரட்டையர்கள் கையைக் கட்டிக்கொண்டு பேசுவார்கள். நிழலை மறந்துவிடுவதும் சகஜம். நடிகர் கோட்டுக்கு இந்தப் பக்கமே நிற்பார், அவர் நிழல் மட்டும் அந்தப் பக்கம் போய்ப் பாதியில் அறுந்து கிடக்கும்.

பெரிய சிக்கல் இடைவேளையில்தான். ஒரு வேடத்திலிருந்து இன்னொன்றுக்கு மேக்கப் மாற ஒரு மணி நேரம் ஆகலாம், இரண்டும் ஆகலாம். அவ்வளவு நேரமும் செட்டில் ஒரு டம்ளர் இடம் மாறக்கூடாது, மின்னழுத்தம் குறைந்து விளக்கு மஞ்சளாகக்கூடாது, காமிரா பக்கம் யாரும் போகக்கூடாது. டீ கொடுக்கிற பையன் ஒயரில் கால் இடறினால் அரைநாள் வேலை காலி. வெளிப்புறமானால் சூரியன் வேறு நகர்ந்துகொண்டே இருக்கும்.

இரண்டு பேருக்கு ஒரு ஒட்டு. நாலு பேருக்கு மூன்று ஒட்டு, நாலு எக்ஸ்போஷர், மூன்று மேக்கப் இடைவேளை. ஒவ்வொரு படியிலும் பத்துக்கு ஒன்பது தடவை சரியாக வரும் என்று வைத்துக்கொண்டாலும், நாலும் சேர்ந்து சரியாக வருவது பத்துக்கு ஆறரைதான். நாலு பேரையும் சேர்த்து நிறுத்தும் ஷாட்டைத் திரைக்கதை ஏன் அத்தனை சிக்கனமாக வைத்திருக்கிறது என்று இப்போது புரியும்.

மீதி இடங்களில் டூப். தோளுக்குப் பின்னாலிருந்து எடுக்கும் ஷாட்டில் முதுகு காட்டி நிற்கிறவர். காது மடலும் பின்கழுத்தும் ஒத்துப்போனால் போதும். அவர் வேலை நிற்பதோடு முடிவதில்லை. எதிர் வசனத்தை அதே தாளத்தில் சொல்ல வேண்டும். இல்லாவிட்டால் கமல் பதில் சொல்லும் வேகம் பிசகும், பிறகு இரண்டு பாதியையும் சேர்க்கும்போது ஒருவர் பேசி முடிப்பதற்குள் இன்னொருவர் தலையாட்டிக்கொண்டிருப்பார். இவர்கள் பெயர் டைட்டிலில் வருவது அபூர்வம்.

நடிகர்களுக்கு வருவோம். இதற்கு முந்தைய வருடம், 1989-இல், இதே சிங்கீதம், இதே கமல், இதே கிரேசி மோகன், இதே இளையராஜா சேர்ந்து ‘அபூர்வ சகோதரர்கள்’ கொடுத்திருந்தார்கள். அதில் வில்லன்கள் நாலு பேர்: நாகேஷ், டெல்லி கணேஷ், ஜெய்சங்கர், நாசர். அதில் மூவர் இங்கே திரும்பி வருகிறார்கள். நாசருக்கு மறுபடியும் கெட்டவன் வேஷம். மற்ற இருவரையும் அப்படியே திருப்பிப் போட்டுவிட்டார்கள். அங்கே ஈவிரக்கமில்லாமல் கொன்ற தர்மராஜாக வந்த நாகேஷ், இங்கே பயந்து நடுங்கும் அவிநாசி. பிரான்சிஸ் அன்பரசுவாக வந்த டெல்லி கணேஷ், இங்கே காமேஸ்வரனை வளர்த்த பாலக்காட்டு மணி ஐயர். போன வருடம் வெறுத்த முகத்தைப் பார்த்து இந்த வருடம் ஜனம் சிரித்தது என்றால், அது நடிகர் தேர்வில் எடுத்த துணிச்சல்.

நாகேஷின் அவிநாசி உண்மையில் திருடன். கம்பெனிப் பணத்தை எடுத்தவன். ஆனால் படம் முழுக்க நாம் அவன் பக்கம் நிற்கிறோம். காரணம், நாகேஷ் ஒவ்வொரு காட்சியிலும் பிடிபட்டவனாகவே நடிக்கிறார், பிடிபடாத காட்சியிலும்கூட. முதலாளி பெயரைச் சொன்னாலே உடம்பு ஒரு அங்குலம் குறைகிறது. இரண்டு போலி மதன்களிடம் மாறி மாறிப் பேச வேண்டியவர் அவர்தான். எதிரே நிற்பவர் எந்தக் கமல் என்று நமக்குச் சொல்வது கமலின் முகத்தைவிட நாகேஷின் முதுகெலும்பு.

வீட்டில் காவலுக்கு நிற்கும் பீம், பிரவீன்குமார். 1966, 1970 ஆசியப் போட்டிகளில் வட்டெறிதலில் தங்கம் வாங்கியவர். தூர்தர்ஷன் ‘மகாபாரத’த்தில் பீமன். அந்தத் தொடர் 1990 நடுவில்தான் முடிந்தது. அந்தத் தீபாவளிக்கே பீமன் என்ற பெயரிலேயே அவர் திரையில் வந்து நின்றால் அறிமுகமே தேவையில்லை. விசுவாசம் அதிகம், சந்தேகப்படத் தெரியாது. ஆள்மாறாட்டக் கதைக்கு இப்படி ஒரு காவல்காரன் இல்லாவிட்டால் மூன்றாவது காட்சியிலேயே குட்டு உடைந்துவிடும்.

மனோரமாவும் ரூபிணியும் கங்காபாய், சக்குபாய். ஏமாற்றிப் பிழைக்கும் அம்மாவும் மகளும். குஷ்பு, ராஜுவுக்கு ஜோடி. அவருடைய அப்பாவாக வெண்ணிற ஆடை மூர்த்தி. ஜெயபாரதிக்கு நாலு பேரையும் பெற்ற சுசீலா வேடம். எல்லோருக்கும் அளந்து வைத்த இடம் இருக்கிறது.

நம்ம பக்கத்துக்காரர்கள் தனியாகப் பார்ப்பது காமேஸ்வரன் குடும்பத்தைத்தான். மணி ஐயர் என்ற பெயரிலேயே ஒரு குறும்பு. பாலக்காட்டு மணி ஐயர் என்றால் உலகத்துக்கே மிருதங்கம்; இங்கே அந்தப் பெயரில் வருகிறவர் வாசிப்பது அண்டாவும் கரண்டியும். டெல்லி கணேஷ் பாலக்காட்டுக்காரர் இல்லை, வல்லநாட்டுக்காரர். விமானப்படையில் இருந்துவிட்டு, டெல்லியில் நாடகம் போட்டுவிட்டு, 1977-இல் ‘பட்டினப்பிரவேசம்’ மூலம் சினிமாவுக்கு வந்தவர். 2024 நவம்பரில் மறைந்தார். பாலக்காட்டுத் தமிழை நக்கல் செய்கிறவர்கள் வாக்கியத்தின் கடைசியை மட்டும் இழுப்பார்கள். அது தவறு. இழுப்பு நடுவில் வரும், கடைசி வார்த்தை சட்டென்று விழும், குரல் முக்கால்வாசி நேரம் தாழ்வாகவே இருக்கும். கணேஷ் அதைப் பிடித்திருக்கிறார். கோபம் வந்தால்கூட அவர் குரலைவிடப் புருவம்தான் மேலே போகிறது. கமல் சில இடங்களில் இழுப்பை ஒரு பிடி கூடுதலாகவே போடுகிறார். பக்கத்தில் கணேஷ் இருக்கும்போது அது தெரிவதில்லை, தனியாகப் பேசும்போது தெரிகிறது.

ஊர்வசியைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். மலையாளமும் தமிழும் ஒரே நாக்கில் புழங்குகிறவர். 1989, 1990, 1991 மூன்று வருடமும் தொடர்ந்து கேரள அரசின் சிறந்த நடிகை விருது வாங்கிய காலம் அது. அந்த உச்சத்தில் இருந்துகொண்டு, நாலு கதாநாயகன் உள்ள படத்தில் கால்பங்குக் கதாநாயகியாகத் திரிபுரசுந்தரியை எடுத்துக்கொண்டிருக்கிறார். ‘திருப்பு’ என்று செல்லமாக அழைக்கப்படும் இவர் பேசும்போது கண் ஒரு இடத்தில், பேச்சு ஒரு இடத்தில், கை ஒரு இடத்தில். தன் பாட்டி திருடும் வேளையில் அவர் முகம் காட்டும் அவமானத்தையும் பாசத்தையும் சேர்த்துப் பாருங்கள். பாட்டியாக எஸ்.என். லட்சுமி. 1964-இல் ‘சர்வர் சுந்தர’த்தில் நாகேஷுக்கு அம்மாவாக நடித்து ஊரையே அழவைத்தவர். இங்கே திருட்டுப் பாட்டி. இந்த அம்மாள் திருடும்போது அவசரப்படுவதே இல்லை. எடுத்த பொருளைப் பார்ப்பதும் இல்லை. எதிரே பேசிக்கொண்டிருப்பவர் முகத்தைத்தான் பார்க்கிறார். கைத்திருட்டுக்கு இலக்கணமே அதுதான்.

கல்யாணச் சாம்பாருக்குள் மீன் விழுந்துவிடும் அந்த மீன் காட்சி. தேஹண்டம், அதாவது விருந்துச் சமையல், நடக்கும் இடத்தைப் பார்த்தவர்களுக்கு அது ஏன் அப்படி வயிற்றைக் கலக்குகிறது என்று தெரியும். கணக்குப் போட்டுப் பார்க்கலாம். நூறு இலைப் பந்திக்குச் சாம்பார் என்றால் சுமார் மூன்று கிலோ துவரம்பருப்பு, எட்டுப் பத்துத் தேங்காய் அரைத்துவிட்டு, கிட்டத்தட்ட முப்பது லிட்டர் வரும். வார்ப்பு என்கிற பெரிய பாத்திரத்தில் கொதிக்கிற அந்த முப்பது லிட்டரில் முருங்கையும் மத்தங்காயும் சேனையும் மேலே மிதக்கும். அடியில் என்ன கிடக்கிறது என்று சட்டுவத்தால் துழாவித்தான் தெரிந்துகொள்ள வேண்டும். துழாவினால் பொருள் உடையும். அங்கிருந்து ஐந்தாறு வாளிகளுக்குப் பிரிந்துவிட்டால் முடிந்தது, எந்த வாளி எந்த வரிசையில் போகிறது என்று யாருக்கும் தெரியாது. பந்தியையும் நிறுத்த முடியாது: பருப்பும் நெய்யும் விட்டு இரண்டு வாய் பிசைந்து உண்பதற்குள் சாம்பார் வந்தாக வேண்டும், வராவிட்டால் அடுத்த நிமிடம் சம்பந்தி வீட்டார் எழுந்து நிற்பார்கள். வெளியே சொன்னால் அந்தச் சமையல்காரனுக்கு அதற்குப் பிறகு எந்த அக்ரகாரத்திலும் கல்யாண ஆர்டர் கிடைக்காது. அந்த நெருக்கடி முழுதும் நிஜம். கள்ளநோட்டும் கொலையும் உள்ள படத்தில் ஒரு மீன்துண்டுதான் மிகப் பெரிய தடயப் பொருளாக ஆகிவிடுகிறது என்பது கிரேசி மோகனுக்கும் கமலுக்கும் மட்டுமே தோன்றக்கூடிய விஷயம்.

கிரேசி மோகன் கிண்டி இன்ஜினியரிங் கல்லூரியில் படித்தவர், நாடக மேடையிலிருந்து வந்தவர். மேடையில் எழுதுகிறவனுக்குச் சிரிப்பு எத்தனை நொடி நீளும் என்பது உடம்பில் ஊறியிருக்கும். நடிகர் சற்று நிறுத்தி, சிரிப்பு அடங்கியபின் அடுத்த வரியைச் சொல்வார். சினிமாவில் நிறுத்த முடியாது, படம் ஓடிக்கொண்டே இருக்கும். இடைவெளி விட்டால் சிரிப்பு வராத தியேட்டரில் அது வெறுமையாகத் தொங்கும். விடாவிட்டால் நிறைந்த தியேட்டரில் அடுத்த ஜோக் மூழ்கிப்போகும். இந்தப் படத்தில் விடவில்லை. முக்கியமான தகவல் எந்த வரியிலும் ஒருமுறை மட்டும் வருவதில்லை. சிரிப்பில் தொலைந்தாலும் இரண்டு வரி கழித்து வேறு உருவில் திரும்ப வரும். தொலைவதற்கென்றே எழுதப்பட்ட ஜோக்குகள் தனி. இதனால்தான் இரண்டாம் தடவை பார்க்கும்போது புது வசனம் கேட்கிறது. மொழிமாற்றுக்கு இது எமன். ‘மைக்கேல் மதன காமராஜு’ என்று தெலுங்கில் போனபோதும், சிலேடைகளை அப்படியே கொண்டுபோக வழியில்லை; சொல்லோடு பிறந்த சிரிப்பு சொல் மாறினால் போய்விடும்.

இளையராஜா செய்த பெரிய உபகாரம் முதல் பாட்டு. ‘கதை கேளு’ என்று தன் குரலிலேயே ஆரம்பித்து, நாலு குழந்தைகள் பிறந்தது, பிரிந்தது, எங்கெங்கே போய்ச் சேர்ந்தது எல்லாவற்றையும் அந்த ஒரு பாட்டில் முடித்துவிடுகிறார். வேறு படமாக இருந்தால் இதற்கு மூன்று ரீல் போயிருக்கும்.

‘சுந்தரி நீயும்’ பாட்டைத் தனியாகச் சொல்ல வேண்டும். கமலும் எஸ். ஜானகியும் பாடியது, தமிழும் மலையாளமும் கலந்தது. எல்லா அசைவும் மெதுவாக ஓட, உதடு மட்டும் பாட்டோடு சரியாகப் பொருந்தும். இதைச் செய்வதற்கான வழக்கமான கணக்கு இதுதான். நொடிக்கு 24 பிரேமுக்குப் பதில் 48 பிரேம் ஓட்டுவது. திரையில் 24-இல் போடும்போது எல்லாம் பாதி வேகமாகும். உதடு பொருந்த வேண்டுமானால் படப்பிடிப்பில் பாட்டை இரட்டை வேகத்தில் ஒலிக்கவிட வேண்டும். டேப்பை இரட்டை வேகத்தில் ஓட்டினால் சுருதி ஒரு ஸ்தாயி ஏறி, ஜானகி குரல் குருவிக் கீச்சாகக் கேட்கும். எட்டு நொடி வரியை நாலு நொடியில் வாயசைக்க வேண்டும்.

இதில் தவறுவது எங்கே என்றால், உதடு அவசரப்படும்போது உடம்பும் சேர்ந்து அவசரப்படும். கையை வேகமாக வீசிவிட்டால் திரையில் அது சாதாரண வேகமாகத் தெரியும், மெதுவான ஓட்டத்தின் அழகே போய்விடும். உதடு இரட்டை வேகம், கழுத்துக்குக் கீழே நிதானம் என்று உடம்பை இரண்டாகப் பிரித்துக்கொள்ளத் தெரிந்த நடிகர்கள்தான் இதற்கு ஆவார்கள். கண் சிமிட்டுவதும் இரு மடங்கு நீளும். தப்பான இடத்தில் சிமிட்டினால் தூங்கி எழுந்தது போல இருக்கும். காமிராக்காரருக்கு வேறு தொல்லை: வேகம் இரட்டித்தால் ஒவ்வொரு பிரேமுக்கும் வெளிச்சம் பாதி, அதனால் அபர்ச்சரை ஒரு ஸ்டாப், அதாவது இரு மடங்கு வெளிச்சம் புகும்படி, திறக்க வேண்டும். 35 எம்.எம். பிலிம் 24-இல் நிமிடத்துக்கு 90 அடி போகும், 400 அடி மேகசின் (காமிராவின் பிலிம் பெட்டி) நாலரை நிமிடத்துக்குச் சற்றுக் குறைவாக வரும். 48-இல் நிமிடத்துக்கு 180 அடி, அதே மேகசின் இரண்டேகால் நிமிடத்துக்குள் காலி. பிலிம் செலவைக் கேட்டால் எந்தத் தயாரிப்பாளருக்கும் முகம் சுண்டும்.

கிளைமாக்ஸ் வீடு, மலை விளிம்பில் பாதி தொங்கிக்கொண்டு ஆடுகிறது. சாப்ளின் 1925-இல் ‘தி கோல்ட் ரஷ்’ படத்தில் செய்த குடிசைக் காட்சியை அறிந்தவர்களுக்கு இது எங்கிருந்து வந்தது என்று தெரியும். சாப்ளின் குடிசையில் இரண்டு பேர். இங்கே ஒரு ஊரே உள்ளே இருக்கிறது, அதில் நாலு பேர் ஒரே ஆள். இந்த மாதிரிக் காட்சியில் உள்ளறையை நிஜமாகவே சாய்கிற மேடைமேல் கட்ட வேண்டும். காமிராவை மட்டும் சாய்த்து ஏமாற்றலாம் என்று நினைத்தால் வேட்டியும் தலைமயிரும் தொங்கும் விளக்கும் காட்டிக்கொடுத்துவிடும். அவை எப்போதும் நிஜமான பூமியை நோக்கித்தான் தொங்கும். மேடையைச் சாய்த்தால் பெஞ்சும் பெட்டியும் தானாகச் சறுக்கும், நடிகர்களும் சறுக்குவார்கள். யார் எந்தப் பக்கம் எத்தனை பேர் என்று எடையைக் கணக்கிட்டு நிறுத்தாவிட்டால் திரையில் வீடு ஒரு பக்கம் சாயும்போது ஆட்கள் மறுபக்கம் அதிகமாகத் தெரிந்து லாஜிக் போய்விடும். வெளித்தோற்றத்துக்குச் சிறு மாதிரி வீடு கட்டி எடுப்பதானால் அதற்கும் ஒரு வாய்பாடு உண்டு. நாலில் ஒரு பங்கு அளவென்றால் 48 பிரேம், ஒன்பதில் ஒன்றென்றால் 72, பதினாறில் ஒன்றென்றால் 96. எத்தனையில் ஒரு பங்கோ அந்த எண்ணின் வர்க்கமூலத்தால் 24-ஐப் பெருக்குவது. இதில் குறைத்தால் வீடு தீப்பெட்டியாகத் துள்ளும். தூசியும் புகையும் தண்ணீரும் எந்தக் கணக்குக்கும் அடங்காது. சொட்டு சின்னதாக ஆகாது அல்லவா.

இதையெல்லாம் கைபேசியில் முயன்று பார்க்கிற பையன்களுக்குச் சில வரி. ஸ்டாண்ட் இல்லாமல் ஆரம்பிக்காதீர்கள். எக்ஸ்போஷர், போகஸ், ஒயிட் பேலன்ஸ் மூன்றையும் கைமுறையில் பூட்டுங்கள். தானியங்கியில் விட்டால் கறுப்புச் சட்டையும் வெள்ளை வேட்டியும் மாறும்போது சுவரின் நிறமே மாறி ஒட்டு தெரியும். ஜன்னலை மூடி, விளக்கில் எடுங்கள். தொடங்குவதற்கும் நிறுத்துவதற்கும் போனைத் தொடாமல் இயர்போன் பட்டனோ வாட்சோ பயன்படுத்துங்கள். இரண்டு பேர் வசனத்தையும் முன்னாலேயே பதிவு செய்து, ஒரு காதில் ஓடவிட்டு நடியுங்கள். யாரும் இல்லாத செட்டை மட்டும் பத்து நொடி தனியாக எடுத்து வையுங்கள், ஒட்டில் பழுது வந்தால் அதை வைத்து மூடலாம். எதிர் ஆள் முகம் இருக்க வேண்டிய உயரத்தில் ஒரு கம்பில் டேப் ஒட்டி நிறுத்துங்கள். அதைவிட நல்லது, கூச்சப்படாமல் எதிர் வசனம் சொல்லக்கூடிய ஒரு நண்பரை நிறுத்துவது; கம்பைப் பார்த்துப் பேசியதும் ஆளைப் பார்த்துப் பேசியதும் கண்ணில் தெரிந்துவிடும்.